அலை மேல் ஓடி வருகிறாள் போன்யோ

ஜப்பானிய இயக்குநர் ஹயாவோ மியாசாகியின் ‘போன்யோ’ அனிமேஷன் படத்தில் ஒரு சிறுமி அலைகளின் முதுகில் கால் பதித்து ஓடி வருவாள். எத்தனை தடவை பார்த்தாலும் அந்த இடத்தில் எனக்கு உடம்பு சிலிர்த்துவிடும். வீட்டுக்கு வருகிறவர்கள் யாராவது இன்னும் பார்க்கவில்லை என்றால் விடமாட்டேன், உடனே போட்டுவிடுவேன். அந்தக் காட்சி நெருங்கியதும் திரையை விட்டுவிட்டு அவர்கள் முகத்தைத்தான் பார்ப்பேன். கண் விரியும், பேச்சு நின்றுபோகும்.

கதை சின்னதுதான். கடலுக்கடியில் வாழும் மந்திரவாதி ஃபுஜிமோட்டோவின் மகள், ஒரு சின்னஞ்சிறு மீன். கரையில் சோஸ்கே என்ற ஐந்து வயதுப் பையன் அவளைக் கண்டெடுக்கிறான், போன்யோ என்று பெயர் வைக்கிறான், சாண்ட்விச்சில் இருந்த இறைச்சித் துண்டை ஊட்டிவிடுகிறான். அவ்வளவுதான், அவளுக்கு அவன்தான் உலகம்! அப்பா பிடித்துக்கொண்டு போய் அடைத்து வைக்கிறார். அவளோ கையும் காலும் முளைக்க வைத்துக்கொண்டு தப்பிக்கிறாள். தப்பிக்கும் அமளியில் அப்பா பூட்டி வைத்திருந்த மந்திர நீர் கடலில் கலந்துவிடுகிறது. கூட இருந்த குட்டித் தங்கைகள் மலை மலையான மீன்களாக வீங்கி, அலைகளாகப் புரண்டு எழுகிறார்கள்.

இனிமேல்தான் அந்தக் காட்சி. புயல் மழையில், மலையோரச் சாலையில், சோஸ்கேயின் அம்மா லிசா காரை விரட்டிக்கொண்டு போகிறாள். பக்கத்திலேயே கடல் ஓடி வருகிறது. ஒவ்வொரு அலைக்கும் கண் இருக்கிறது, கொழுத்த உடம்பு இருக்கிறது. ஒன்று சாலையில் மோதி உடைவதற்குள் அடுத்தது முதுகைத் தூக்குகிறது. அந்த முதுகுகளின் மேல், சிவப்பு கவுன் போட்ட குட்டிப் பெண் தாவித் தாவி ஓடி வருகிறாள். பயமே இல்லாத முகம், முழுக்கச் சிரிப்பு. சோஸ்கேயைப் பார்த்துவிட்டாள், அவனிடம் போயாக வேண்டும். ஜோ ஹிசாயிஷியின் இசை அங்கே ஓபரா இசையமைப்பாளர் வாக்னரின் வால்கிரிகள் என்ற போர்க்கன்னியரை நினைவூட்டிக்கொண்டு பாய்கிறது. போன்யோவுக்கு அப்பா வைத்த பெயரும் வாக்னரின் நாயகி ப்ரூன்ஹில்டேயின் பெயர்தான். வீட்டு வாசலில் அவனைக் கண்டதும் ஒரே பாய்ச்சலாக வந்து கட்டிக்கொள்கிறாள், பாருங்கள்! எனக்கு இதைவிடப் பெரிய சந்தோஷத்தைச் சினிமாவில் யாரும் காட்டியதில்லை.

சந்தோஷத்தை முகத்தில் காட்டலாம், பாட்டில் காட்டலாம். மியாசாகி அதைக் கடலாகவே எழுப்பிவிட்டார். ஒரு குழந்தைக்குள் பொங்குவது அப்படியே கண்ணுக்குத் தெரிகிற அலையாகிறது. அதே அலைதான் ஊரையும் மூழ்கடிக்கிறது. 2004 டிசம்பர் சுனாமிக்குப் பிறகு நம் கரையோரத்தில் யாருக்கும் உயரமான அலை வெறும் அழகாகத் தெரிந்துவிடாது. எனக்கும் முதலில் நெஞ்சு அடைத்தது. ஆனால் மியாசாகி அந்த பயத்தை மறைக்கவில்லை. போன்யோவுக்குத் தன் ஆசை எவ்வளவு பெரியது என்று தெரியாது. அது சாலையை விழுங்குகிறது, நிலவைப் பூமிக்கு அருகில் இழுக்கிறது, அவள் மட்டும் சிரித்துக்கொண்டே ஓடுகிறாள். மூன்று வயதுக் குழந்தை ஓடி வந்து மேலே விழுகிற வேகத்தைத் தாங்கியவர்களுக்கு இது புரியும்.

2008இல் வந்த படம். அந்தக் காலத்தில் கணினி இல்லாமல் அனிமேஷன் எடுப்பார்களா? இவர் கடலை முழுக்கக் கையாலேயே வரைய வைத்தார். மொத்தம் 1,70,000க்கும் மேற்பட்ட ஓவியங்கள்! பின்னணிகளில் கலர் பென்சில் கோடுகள்கூடத் தெரியும், குழந்தைகள் புத்தகத்தைப் புரட்டுகிற மாதிரி. ஹிரோஷிமா மாகாணத்துத் துறைமுக ஊரான தொமோனோஉராவில் மியாசாகி தங்கியிருந்தார், அந்த ஊரின் சாயல்தான் படத்தின் ஊருக்கு. கையால் வரைந்ததால்தான் அந்த அலைக்குக் கனம் வந்தது என்று அடித்துச் சொல்வேன். நிஜத் தண்ணீர் மாதிரி காட்ட அவர் முயலவே இல்லை. திரண்டு, மழுங்கி, உயிரோடு நெளிகிற ஒன்று அது.

எல்லா உணர்ச்சியும் பொங்கி வழிவதில்லை. போன்யோவின் அம்மா கிரான்மாமரே வரும்போது இருண்ட கடல் ஒளிர்கிறது. ஒரு பிரம்மாண்டமான பெண் உருவம் கப்பலின் அடியில் வெளிச்சமாகக் கடந்து போகிறது. அமைதியும் ஒரு அலைதான் என்று அங்கே தோன்றும்.

எனக்கு அதைவிடவும் பிடித்தது விளக்குக் காட்சி. சோஸ்கேயின் அப்பா கப்பல் கேப்டன், இன்று ராத்திரியும் வீட்டுக்கு வரமுடியாது. கடலில் இருந்து விளக்கை அணைத்து அணைத்து ஏற்றிச் சமாதானம் சொல்கிறார். லிசா மாடியில் நின்று விளக்கை எடுத்து, ‘முட்டாள் முட்டாள் முட்டாள்’ என்று கோபத்தை அப்படியே வெளிச்சமாகத் தட்டி அனுப்புகிறாள்! பதிலுக்கு மொத்தக் கப்பலும் விளக்குகளைப் போட்டு மின்னுகிறது. மந்திரம் எதுவும் இல்லை, கோபித்துக்கொண்ட ஒரு மனைவியும் கெஞ்சுகிற ஒரு கணவனும்தான்.

வெள்ளத்துக்குப் பிறகு பிள்ளைகள் போகிற படகையும் சொல்ல வேண்டும். மெழுகுவத்தி ஏற்றினால் ‘டபடப’ என்று ஓடுமே, நம் திருவிழாக் கடைகளில் விற்கும் அதே தகரப் படகு. போன்யோ மந்திரத்தால் அதைப் பெரிதாக்குகிறாள், இருவரும் ஏறிக்கொள்கிறார்கள். அடியில் மூழ்கிய சாலையின் மேல் எத்தனையோ கோடி ஆண்டுகளுக்கு முந்தைய மீன்கள் நீந்துகின்றன. சோஸ்கே அவற்றைப் பெயர் சொல்லி அடையாளம் காட்டுகிறான். போன்யோவுக்குத் தூக்கம் வந்தால் படகும் சுருங்கத் தொடங்குகிறது, அவள் கைகாலும் பழையபடி மாறப் பார்க்கின்றன. களைப்பும் இந்தப் படத்தில் கண்ணுக்குத் தெரியும்!

பார்க்காதவர்கள் பெரிய திரையில், ஜப்பானிய ஒலியோடு பாருங்கள். ஃபோனை வேறு அறையில் வைத்துவிடுங்கள். வீட்டில் நான்கைந்து வயதுப் பிள்ளை இருந்தால் பக்கத்தில் உட்கார்த்திக்கொள்ளுங்கள், போன்யோ ஓடி வரும்போது அதுவும் சோபாவில் ஏறிக் குதிக்கும். தடுக்காதீர்கள்.