கொங்கு நாட்டின் நினைவுச்சின்னங்கள்: சான்றும் மரியாதையும்

நினைவுச்சின்னம் என்ற சொல் தமிழில் இரு வகை இடங்களைக் குறிக்கிறது. பழங்காலத்திலிருந்து எஞ்சி நிற்கும் கோட்டையும் கோயிலும் ஒரு வகை. ஒருவரை நினைவுகூரப் பின்னாளில் எழுப்பப்படும் மணிமண்டபமும் சிலையும் மற்றொரு வகை. முன்னது நடந்ததற்குச் சான்று. பின்னது நடந்தவற்றுக்குச் செய்யும் மரியாதை. கொங்கு நாட்டில் ஆங்கிலேய எதிர்ப்பு தொடர்பான இடங்களை மதிப்பிட இவ்வேறுபாடு உதவுகிறது.

தீரன் சின்னமலை (1756–1805) இரு வகையிலும் நினைவுகூரப்படுகிறார். ஈரோடு மாவட்டம் அறச்சலூர் அருகே ஓடாநிலையில் அவர் கட்டிய கோட்டையை ஆங்கிலேயர் தகர்த்தனர்; இன்று அங்கிருப்பது மணிமண்டபம். அவர் தூக்கிலிடப்பட்ட சங்ககிரிக் கோட்டை இன்றும் நிற்கிறது. இந்தியத் தொல்லியல் துறை அதைப் பாதுகாக்கிறது. ஆனால் தொல்லியல் பாதுகாப்பு மதில்களையும் கோயில்களையும் முன்னிறுத்துவது. அங்கு நிகழ்ந்த மரணத்தின் நினைவை, ஆண்டுதோறும் ஆடி 18 அன்று அஞ்சலி செலுத்தும் மக்களே காத்து வருகின்றனர்.

திருப்பூர் குமரன் 1932 ஜனவரி 10 அன்று ஊர்வலத்தில் தடியடிக்கு உள்ளாகி, மறுநாள் இறந்தார். அவரது சிலைகள் பொதுவாகக் கொடியேந்திய கோலத்திலேயே அமைகின்றன. கொடி கண்ணில் படுகிறது, தடி படுவதில்லை. வீரத்தைப் போற்றும் சிலை, அவ்வீரம் எதை எதிர்கொண்டது என்பதைப் பார்ப்பவரின் முன்னறிவுக்கு விட்டுவிடுகிறது.

இக்குறை இல்லாத சின்னம் கோவை மத்திய சிறையிலுள்ள செக்கு. 1908-ல் இரட்டை ஆயுள் தண்டனை விதிக்கப்பட்ட வ. உ. சிதம்பரம் பிள்ளை, இச்சிறையில் மாட்டுக்குப் பதிலாகச் செக்கிழுக்க வைக்கப்பட்டார். மேல்முறையீட்டில் தண்டனை குறைக்கப்பட்டு 1912-ல் விடுதலையானார். தண்டனைக் கருவியே இங்கு நினைவுச்சின்னமாகியுள்ளது. ‘செக்கிழுத்த செம்மல்’ என்ற பெயரும் புகழோடு கொடுமையையும் சேர்த்தே சொல்கிறது.

சிறை வளாகத்தின் ஒரு பகுதியில் இப்போது செம்மொழிப் பூங்கா அமைந்துள்ளது. சிறையை நகருக்கு வெளியே மாற்றும் திட்டமும் உள்ளது. மாற்றத்தால் ஒரு நன்மை உண்டு: இதுவரை மதிலுக்குள் இருந்த செக்கைப் பொதுமக்கள் எளிதில் காண முடியும். ஆனால் சிறைக்கட்டடத்தின் ஒரு பகுதியேனும் அதனுடன் நிலைக்க வேண்டும். சிறையிலிருந்து பிரித்துப் பூங்காவில் வைக்கப்படும் செக்கு, எண்ணெய் ஆட்டிய பழம்பொருளாகவே அடுத்த தலைமுறைக்குத் தெரியும். சான்றாக இருப்பது அலங்காரமாகிவிடும்.