கள்ளன் சீட்டு

பலெர்மோவில் ஓகஸ்ட் 15 விடுமுறை வந்தால் எம்மவரும் இத்தாலியரைப் போலவே கரி, இறைச்சி, போத்தல்களுடன் கடற்கரைக்குப் புறப்பட்டுவிடுகிறார்கள். சென்ற முறை மொண்டெல்லோவிலிருந்து திரும்பிய இரவு, தொழிற்சாலை நண்பர்கள் நால்வருடன் என் அறையில் சனல்குமார் சசிதரனின் 'ஒழிவுதிவசத்தெ களி' (2015) பார்த்தேன். வேடிக்கைப் படம் என்று சொல்லித்தான் போட்டேன்.

உண்ணி ஆர். எழுதிய சிறுகதையைத் தழுவிய மலையாளப் படம் இது. கேரள அரசின் சிறந்த திரைப்பட விருது பெற்றது. இடைத்தேர்தல் நாளில் ஐந்து நண்பர்கள் காட்டு வீடொன்றுக்குக் குடிக்கப் போகிறார்கள். ஓடையில் குளிப்பு, அரசியல் வாக்குவாதம், சமைக்க வந்த பெண்மேல் கண். நாங்களும் நன்றாகவே சிரித்தோம். கறுப்பன் என்று தாசனைக் கேலி செய்தபோதும் சிரித்தோம். கோழியைக் கொல்லும் வேலை அவன் தலையில் விழுந்ததை நான் கவனிக்கவேயில்லை.

பிறகு நாம் சிறுவயதில் ஆடிய அதே விளையாட்டு: பொலிஸ், கள்ளன் என்று எழுதிய சீட்டுகள். கள்ளன் சீட்டு தாசனுக்கு வருகிறது. விசாரணை, தீர்ப்பு, தூக்கு. பென் வீட்லியின் 'சைட்சீயர்ஸ்' (2012) படத்திலும் உல்லாசப் பயணம் போனவர்கள் கொல்கிறார்கள். ஆனால் அது இருவரின் கிறுக்கு, சிரித்து மறந்துவிடலாம். இங்கே எல்லாம் விதிப்படி நடக்கிறது.

படத்தின் பிற்பகுதி வெட்டில்லாத ஒரே நீண்ட காட்சி. அதைத் தொழில்நுட்பச் சாதனையாகப் புகழ்வது எனக்கு உவப்பில்லை. அது செய்யும் காரியம் வேறு: விளையாட்டு எந்தக் கணத்தில் கொலையாயிற்று என்று நம்மால் சுட்டிக்காட்ட முடியாமற் செய்கிறது. சீட்டுத் தற்செயலாக விழுந்ததுதானே, இதில் சாதி எங்கே வந்தது என்று நண்பரொருவர் வாதிட்டார். அதே சீட்டு அந்தப் பிராமண நண்பனுக்கு விழுந்திருந்தால் கயிறு வரை போயிருப்பார்களா என்று கேட்டேன். அவர் பதில் சொல்லவில்லை. படமும் இதைக் கேட்காமல் விடுகிறது. அதை அதன் குறையாகவே கருதுகிறேன்.

எங்களில் ஒருவர் மட்டும் விவாதத்தில் சேரவில்லை. கடற்கரையில் கரி மூட்டியவரும் இறைச்சி வெட்டியவரும் அவர்தான்; ஒவ்வொரு வருடமும் அவர்தான். படம் முடிந்ததும் கோப்பைகளை அள்ளிக்கொண்டு கழுவப் போனார்.

"விடுங்கோ, நான் கழுவுறன்" என்று எழுந்தேன்.

"ஏன் சேர், இண்டைக்கு மட்டும்?" என்றார்.