சிங்கமும் ராஜாளியும்

விண்மீன்களுக்கிடையே பரந்த ஒரு பேரரசின் மன்னனுக்கு எதைப் பூட்டி அழகு பார்ப்பது? எழுதுகிறவன் கைக்கு எட்டாத பொன்னோ மணியோ இல்லை. ஃபிராங்க் ஹெர்பர்ட் அவற்றை அதிகம் தொடவில்லை. 1965இல் நூலாக வந்த 'டூன்' நாவலில், அறிந்த அண்டம் முழுவதையும் ஆளும் கொரினோ குலத்து நான்காம் ஷடாம் வெளியே வரும்போது அணிவது பெரும்பாலும் போர்வீரனின் உடுப்புதான். தன் சார்டௌக்கர் படையின் சீருடை. தளபதிக்குரிய கறுப்புத் தலைக்கவசம். அதன் உச்சியில் பொன்னால் ஆன அரச சிங்கம். 72 வயதானவர், பார்த்தால் 35 என்பார்கள். இதை நமக்குச் சொல்பவள் அவருடைய மகள் ஐருலான். நாவலின் இறுதிப் பகுதி வரை பேரரசரை நாம் நேரில் காண்பதே இல்லை. அத்தியாயங்களின் தலைப்பில் அவள் எழுதிய குறிப்புகள் வழியாகத்தான் அவர் நிழல் விழுகிறது.

சீருடைக்குக் காரணம் உண்டு. பிரபு குலங்களெல்லாம் லாண்ட்ஸ்ராட் என்ற மன்றத்தில் ஒன்றுகூடினால் அரியணை ஆடும். கோள்விட்டுக் கோள் செல்லும் கப்பல்களோ விண்பயணச் சங்கத்தின் கையில். பேரரசருக்கென்று மிஞ்சுவது, சலூசா செகுண்டஸ் என்ற சிறைக்கோளின் கொடுமையில் வடித்தெடுத்த இந்தப் படை மட்டுமே. அதனால்தான் தன் பலம் எங்கே இருக்கிறது என்பதை உடம்பிலேயே உடுத்தித் திரிகிறார்.

அந்தச் சீருடையை ஹெர்பர்ட் அடுத்து என்ன செய்கிறார் என்பதில்தான் அவருடைய கைத்திறன் இருக்கிறது. கோமகன் லேடோ அட்ரெய்டிஸை ஒழிக்க அராக்கிஸுக்குத் தன் வீரர்களை அனுப்பும் பேரரசர், அவர்களுக்கு லேடோவின் பகைக்குலமான ஹார்கோனன்களின் உடையை மாட்டி அனுப்புகிறார். உண்மை தெரிந்தால் எல்லாக் குலங்களும் சேர்ந்து எதிர்க்கும். அச்சுறுத்துவதற்காக அணிந்த அடையாளத்தை அச்சத்தினால் கழற்ற வேண்டியிருக்கிறது. அந்தப் பேரரசு எவ்வளவு பலவீனமானது என்பதைக் காட்ட இதற்கு மேல் ஒரு பக்கம் கூட ஹெர்பர்ட் எழுதத் தேவைப்படவில்லை.

நான் மிகவும் ரசிப்பது ஒரு துண்டை. அராக்கிஸ் சொட்டு நீருக்கு ஏங்கும் பாலைக்கோள். அங்கே ஆண்ட ஹார்கோனன்களின் விருந்து மண்டப வாசலில் தண்ணீர்ப் பாத்திரங்கள் இருக்கும். உள்ளே வரும் விருந்தினர் கையை நனைத்து, நீரைத் தரையில் கொட்டி, துண்டில் துடைத்து, அந்தத் துண்டையும் தேங்கிய நீரிலேயே எறிய வேண்டும். விருந்து முடிந்ததும் அந்தத் துண்டுகளைப் பிழிந்தால் வரும் தண்ணீருக்காக வெளியே ஏழைகள் காத்திருப்பார்கள். செங்கோல், சாமரம் எதுவும் சொல்லாததை இந்த ஈரத் துண்டு சொல்லிவிடுகிறது: உன் உயிர் எனக்குக் கால்மிதி. ஹார்கோனன்களுக்குப் பின் அங்கே ஆள வந்ததும் லேடோ இந்த வழக்கத்தை நிறுத்துகிறார். விருந்து நடக்கும் நேரத்தில் யார் வாசலுக்கு வந்தாலும் ஒரு குவளைத் தண்ணீர் என்பது அவருடைய உத்தரவு. ஆனால் அதே மாளிகைக்கு முன்னால் 20 பேரீச்சை மரங்கள் நிற்கின்றன. மரம் ஒன்றுக்கு நாளுக்கு 40 லிட்டர். ஒரு மனிதனுக்கு 8 லிட்டர் போதும். அப்படியானால் அங்கே நிற்பது நூறு பேரின் தாகம். தெருவில் போகிறவர்கள் அந்த மரங்களைப் பார்க்கும் பார்வையிலேயே கணக்குத் தெரிகிறது. நல்ல அரசனின் வாசலிலும் அதிகாரம் பச்சையாகத்தான் நிற்கிறது என்று காட்டும் துணிவு ஹெர்பர்ட்டுக்கு இருந்தது.

அட்ரெய்டிஸ் குலத்தின் சின்னம் ராஜாளி. அதைத் தாங்கிய கணையாழியை, லேடோவைக் காட்டிக்கொடுத்த மருத்துவர் யூயேவே லேடோவின் மகன் பாலுக்குக் கிடைக்கும்படி செய்கிறார். பால் அதை வெகுகாலம் அணிவதில்லை. அவன் தஞ்சம் புகும் பாலைவன ஃப்ரெமன் மக்களிடையே, இருக்கும் தலைவனைக் கொன்றவனே அடுத்த தலைவன். அவர்களுடைய தலைவர் ஸ்டில்கரைப் பால் கொல்ல வேண்டுமென்று இளைஞர்கள் எதிர்பார்த்து நிற்கும் வேளையில்தான் கணையாழி வெளியே வருகிறது. நான் உங்கள் குழுவுக்குத் தலைவன் ஆக வரவில்லை, இந்தக் கோள் முழுவதற்கும் கோமகன் என்று உரிமை கோருகிறான். ஸ்டில்கர் மண்டியிட்டு உறுதிமொழி சொல்ல, அவருடைய கத்தி அவரிடமே திரும்புகிறது. ஒரு சட்டத்தின் கொலைக்கட்டளையை இன்னொரு சட்டத்தின் சின்னம் தடுக்கிறது. அரசியலை இவ்வளவு சிறிய பொருளுக்குள் அடக்கிய காட்சி அறிபுனைவில் அரிது.

பேரரசருக்கு அரியணையும் உண்டு. ஹாகல் கோளின் ஒற்றைப் படிகக்கல்லில் செதுக்கியது, நீலப்பச்சையில் மஞ்சள் தீக்கீற்றுகள் ஓடுவது. ஹெர்பர்ட் மனமிரங்கி அனுமதித்த ஒரே ஆடம்பரம். அதையும் அரண்மனையில் வைக்காமல், அராக்கிஸ் பாலைவனத்தில் நிறுத்திய உலோகக் கூடாரத்துக்குள் கொண்டுவந்து வைக்கிறார். பாலின் தங்கையான சிறுமி அலியா அதன் முன் கொஞ்சமும் நடுங்காமல் நிற்கிறாள்.

திரையில் இந்தச் சிக்கனம் எளிதாகக் கெட்டுப்போகக்கூடிய சங்கதி. 1984இல் டேவிட் லின்ச் எடுத்த படத்தில் அரசவை பொன்னில் முழுகியிருக்கிறது. கண்ணுக்கு விருந்து, அவ்வளவே. டெனி வில்நோவ் ஹெர்பர்ட்டின் சிக்கனத்தைப் புரிந்துகொண்டவர். 2021இல் வந்த அவருடைய படத்தின் முதல் பாகத்தில் பேரரசரின் முகமே கிடையாது. அவருடைய தூதுக்குழு இறங்குகிறது, லேடோ மெழுகில் மோதிரத்தைப் பதிக்கிறார், ஒரு குலத்தின் விதி முடிவாகிறது. 2024இன் இரண்டாம் பாகத்தில் பேரரசரின் தோட்டமாக, இத்தாலியில் கார்லோ ஸ்கார்ப்பா வடிவமைத்த பிரியோன் கல்லறை வளாகத்தைக் காட்டுகிறார். வெறும் கான்கிரீட்டும் நீரும். சாவுக்காகக் கட்டிய இடத்தில் ஒரு முதிய அரசரை உட்கார வைத்த தேர்வை எத்தனை முறை பாராட்டினாலும் தகும். விருந்து வாசலின் துண்டை அவர் விட்டுவிட்டதில் எனக்குக் குறைதான்.

ஆனால் முடிவில் அவர் சேர்த்த ஒன்று நாவலிலேயே இருந்திருக்கலாம் என்று தோன்றும். தோற்ற பேரரசர் பாலின் கணையாழியை முத்தமிடுகிறார். வானில் காத்திருக்கும் பிரபு குலங்கள் அவனை ஏற்க மறுக்கின்றன. மோதிரத்துக்குப் பணிந்தது ஒரு கிழவர் மட்டுமே; மற்றவர்களைப் பணியவைக்கப் பால் கப்பலேறச் சொல்லித் தன் படைக்கு ஆணையிடுகிறான்.