ரவியை மாற்றியது எது? கே.எஸ். மணியத்தின் ‘தி ரிட்டர்ன்’ நாவலை முன்வைத்து



‘சமூக மாற்றமும் இளையோரும்’ என்று ஒரு தலைப்பைக் கொடுத்துவிட்டால் விடை எப்படி வரும் என்று உங்களுக்கே தெரியும். “நவீன வளர்ச்சியால் இளைஞர்கள் பண்பாட்டை மறந்து சீரழிகின்றனர்” என்று தொடங்கும். நடுவில் கைப்பேசி வரும், சினிமா வரும். கடைசியில் பெற்றோர் கண்காணிக்க வேண்டும் என்று முடியும். இலக்கணப் பிழை இருக்காது. ஆனால் அந்த விடையில் ஒரு மனிதர்கூட இருக்க மாட்டார். எந்த நாவலைப் பற்றிக் கேட்டாலும் இதையே எடுத்து ஒட்டிவிடலாம். எங்கேயும் ஒட்டுகிற விடை, கதையைப் படித்ததற்கு அடையாளமா, சொல்லுங்க?

இந்தப் பழக்கத்தை உடைக்க நான் கையில் எடுப்பது ஓர் ஆங்கில நாவல். தமிழாசிரியருக்கு ஆங்கில நாவல் எதற்கு என்று கேட்கலாம். எழுதியவர் கெடாவில் பீடோங்கில் பிறந்த நம் ஆள், கே.எஸ். மணியம் (1942–2020). கதையும் அந்த ஊர்க் கதைதான். 1981-இல் வெளிவந்தது. 2000-களில் ஐந்தாம் படிவ ஆங்கில இலக்கியப் பகுதியில் பாடநூலாகவும் இருந்திருக்கிறது. தோட்டத்து லயம், பால்வெட்டு, பெரட்டு என்று நாம் வழக்கமாகப் படிக்கும் களம் இதில் மையம் இல்லை. மருத்துவமனைக் குடியிருப்பும் சலவைத் தொழிலும்தான் களம். அதனாலேயே தோட்டக் கதைக்கு மனப்பாடம் செய்த வரிகள் இங்கே உதவாது.

கதைச் சுருக்கம் இவ்வளவுதான். பாட்டி பெரியதாய் இந்தியாவிலிருந்து பிள்ளைகளோடு வருகிறார். உழைத்து ஒரு வீட்டை உண்டாக்கி, அதில் நடராசர் சிலையை வைத்துக் கும்பிடுகிறார். ஆனால் வீடு நிற்கும் நிலத்துக்கு அவரிடம் பட்டா இல்லை. மகன் மருத்துவமனையில் சலவை வேலை பார்க்கிறார். பேரன் ரவியைத் தமிழ்ப்பள்ளியிலிருந்து எடுத்து ஆங்கிலப் பள்ளியில் போடுகிறார்கள். ரவி படித்து, இங்கிலாந்துக்குப் போய் ஆசிரியர் பயிற்சி முடித்துத் திரும்புகிறான். அதற்குள் அப்பா தனக்கு உரிமையில்லாத நிலத்தில் ஒரு வீட்டைக் கட்டிக்கொண்டு, பல மொழி கலந்த மந்திரம்போல் எதையோ முணுமுணுத்துக்கொண்டு இருக்கிறார். கடைசியில் அந்த வீடும் அவரும் தீயில் போகிறார்கள்.

இப்போ கேள்விக்கு வருவோம். ரவி ஏன் தன் வீட்டாரிடமிருந்து விலகினான்? “ஆங்கில மோகம்” என்று மாணவர் எழுதுவார். ஒரு சொல்லில் கதையை மூடிவிடுவார்! நாவலைக் கவனித்துப் படியுங்கள். மருத்துவமனைக் குடியிருப்பில் யார் சொல் எடுபடுகிறது? சலவைக்காரரின் சொல் எடுபடவில்லை. படித்து, ஏடு எழுதும் உத்தியோகத்தில் இருப்பவருடைய சொல்தான் எடுபடுகிறது. துணி வெளுக்கும் வேலையோடு சாதியின் நிழலும் சேர்ந்தே வருகிறது என்பதை நாம் வகுப்பில் பேசத் தயங்கினாலும், கதை தயங்கவில்லை. 1950-களில் கிராணி, ஆசிரியர், மருத்துவமனை உதவியாளர் என்ற நாற்காலிகளுக்குப் போகும் படிக்கட்டு ஆங்கிலப் பள்ளியில்தான் இருந்தது. அப்பா மகனை அங்கே சேர்த்தது மோகத்தால் அல்ல, கணக்குப் போட்டுத்தான். அந்தக் கணக்கு பலித்தது. பலித்ததுதான் துயரம். ஏறிய பிள்ளை, ஏற்றிவிட்டவரின் பேச்சு புரியாத உயரத்துக்குப் போய்விட்டான்.

வகுப்பில் மிஸ் நான்சி சொல்லும் ஆங்கிலச் சிறுவர் கதைகளை இந்த இடத்தில் நினைத்துப் பாருங்கள். ரவி தமிழ்ப்பள்ளியில் பார்த்த பாடநூலில் அவன் அறிந்த உலகம் இருந்தது. புதிய பள்ளியில் அவன் அறியாத காடும் பனியும் அரண்மனையும் வருகின்றன. பிள்ளை இரண்டையும் ஒப்பிட்டு ஒன்றைத் தேர்ந்தெடுக்கவில்லை. எதில் முன்னேற்றம் இருக்கிறது என்று பெரியவர்கள் காட்டினார்களோ, அதன் பக்கம் சாய்ந்தான்.

பெரியதாயும் அவர் மகனும் மண்ணையே பிடித்துக்கொண்டு நிற்கிறார்கள். பட்டா இல்லாத மண் இரண்டு தலைமுறையையும் கைவிடுகிறது. ரவிக்கு மண் தேவைப்படவில்லை. சான்றிதழும் மாதச் சம்பளமும் இருக்கின்றன. நாவலின் மையம் இங்கேதான் இருக்கிறது என்று நான் நினைக்கிறேன். ‘தலைமுறை இடைவெளி’ என்று நாம் சுலபமாகச் சொல்வது, இங்கே சொத்தின் வடிவம் மாறியதால் வந்த இடைவெளி. அப்பாவுக்கு வீடு என்பது தான் இந்த நாட்டுக்காரன் என்பதற்குச் சாட்சி. மகனுக்கு அது சட்டச் சிக்கல்.

ரவி ஏறிய படிக்கட்டுக்கு என்ன ஆனது என்பதையும் மாணவருக்குச் சொல்லுங்கள். 1970 முதல் ஆங்கிலவழிப் பள்ளிகள் முதலாம் ஆண்டிலிருந்து படிப்படியாக மலாய்வழிக்கு மாறின. ரப்பர் தோட்டங்கள் செம்பனையாகவும் வீடமைப்புப் பகுதிகளாகவும் மாறின. 1957-இல் 888 ஆக இருந்த தமிழ்ப்பள்ளிகள் இன்று 530 அளவில் நிற்கின்றன. ரவிக்குப் பின்னால் வந்தவர்களுக்கு அந்தப் படிக்கட்டும் இல்லை, பழைய லயமும் இல்லை. ஒரு ரவியை வைத்துக்கொண்டு “படித்தால் முன்னேறலாம்” என்ற படிப்பினையை மட்டும் எழுதினால், அந்தப் பிள்ளைகளைப் பற்றி நாம் பேசவே இல்லை என்றாகிவிடும்.

நாவலில் எனக்குக் குறையாகப் படுவதும் உண்டு. பெரியதாயை அவ்வளவு உயிரோடு படைத்தவர், அவருக்குப் பின் வரும் பெண்களை ஓரத்திலேயே நிறுத்திவிட்டார். அம்மா என்ன நினைத்தார் என்பது நமக்குத் தெரியவே தெரியாது. தமிழ்ப்பள்ளியும் விட்டுப்போன இடமாகவே நிற்கிறது. அங்கேயே தொடர்ந்து படித்த ரவியின் கூட்டாளிகள் என்ன ஆனார்கள்? ரவியின் கண் வழியாகவே கதை வருவதால் இப்படி ஆனது என்று வாதிடலாம். ஓரளவுக்கு ஒப்புக்கொள்கிறேன், முழுசாக இல்லை.

தேர்வு எழுதுகிறவர்களுக்கு ஒன்று. “சமூக மாற்றத்தால் ரவி பண்பாட்டை மறந்தான்” என்று எழுதினால் பாத்திரத்தின் மேல் பழி போட்டதாகும். “நிலவுரிமை இல்லாத குடும்பம் கல்வியையே சொத்தாக நம்பியது, அந்தக் கல்வி ரவிக்கு வேலையைத் தந்தது, தந்தையின் மொழியிலிருந்து அவனைப் பிரித்தது” என்று எழுதிப் பாருங்கள். இரண்டாவது வாக்கியத்துக்குக் கதையிலிருந்து சான்று கொடுத்தே ஆக வேண்டும். பெரியதாயின் வீடு, சலவைத் தொழில், மிஸ் நான்சியின் வகுப்பு, கடைசித் தீ எல்லாம் தானாக வந்து உட்காரும்.

ஆசிரியர்களே, இதைத் தொடங்குமுன் பிள்ளைகளை வீட்டில் ஒரு கேள்வி கேட்டு வரச் சொல்லுங்கள்: “தாத்தா பாட்டி எந்த வீட்டில் இருந்தாங்க, அந்த நிலம் யாருடையது?” சிலர் தோட்டத்தின் பெயரோடு வருவார்கள். சிலருக்குப் பதிலே கிடைக்காது. கிடைக்காதவர்களின் தாளையும் சேர்த்தே சுவரில் ஒட்டுங்கள்.