காட்டோரம் குடியிருந்த கேமராக்கள்

ஆனேக்கல் வட்டத்தில் காடு முடியும் இடமும் ராகிக் கொல்லை தொடங்கும் இடமும் வருவாய்த்துறை வரைபடத்தில்தான் தெளிவாக இருக்கும். யானைக்கு பன்னேருகட்டா, தளி, ஜவளகிரி, காவிரிக் கரைக் காடு எல்லாம் ஒரே தடம். கதிர் முற்றும் மாதங்களில் பரண்மீது கண்விழிக்கும் விவசாயிக்கு இது தெரியும். இந்த மண்ணைப் படமெடுக்க வருபவர் எந்த வழியைச் சேர்ந்தவர் என்பது, அந்தப் பரணை ஃபிரேமுக்குள் வைக்கிறாரா, வெளியே தள்ளுகிறாரா என்பதிலேயே தெரிந்துவிடும்.

கன்னட நாட்டில் காட்டுயிர்ப் படக் கலைக்கு அளவுகோல் வைத்தவர்கள் மைசூருவின் கிருபாகரும் சேனானியும். பந்திப்பூர்ப் பகுதியில் செந்நாய்க் கூட்டங்களைப் பத்தாண்டுக்கும் மேலாகப் பின்தொடர்ந்தார்கள். வெள்ளையர் ஆட்சியில் கொன்றால் சன்மானம் கிடைத்த விலங்கு அது. புலிக்கு இருந்த மவுசு அதற்கு என்றுமே இருந்ததில்லை. கூட்டத்துக்கு யார் தலைமை, குட்டிகளுக்கு இரையைக் கக்கிக் கொடுப்பது யார் என்ற குடும்பக் கதையெல்லாம் ஒரு மாதத்தில் லென்ஸுக்குள் வந்து விழாது. அந்தக் கதையைச் சொன்ன அவர்களின் 'தி பேக்' படத்துக்கு 2010இல் 'பசுமை ஆஸ்கர்' எனப்படும் பாண்டா விருது கிடைத்தது. 1997இல் வீரப்பன் இவர்களைப் பிடித்துப்போய் 14 நாள் வைத்திருந்ததும் அந்தக் காட்டுப் பக்கம்தான். காட்டோடு வாழ்வதென்றால் அங்கிருக்கும் எல்லோரோடும்தானே!

நம்மவர் சுப்பையா நல்லமுத்துவும் இந்த வழிதான். ரணதம்போரில் மச்லி என்ற பெண்புலியையும் அதன் வாரிசுகளையும் ஆண்டுக்கணக்கில் பின்தொடர்ந்தவர்.

சென்னைப் பாம்புப் பண்ணையில் இளமையிலேயே ஒட்டிக்கொண்ட சேகர் தத்தாத்ரியின் வழி வேறு. 1991இல் சைலன்ட் வேலி மழைக்காட்டைப் படமாக்கியவர், பிறகு கேமராவைச் சாட்சிக் கூண்டில் ஏற்றினார். குதிரேமுக் இரும்புச் சுரங்கத்தைப் பற்றி 2001இல் அவர் எடுத்த படம் மிகச் சிறியது. மறு ஆண்டு உச்ச நீதிமன்றம் சுரங்கத்தை மூட உத்தரவிட்டது; 2005 முடிவில் வேலை நின்றது. வழக்கை நடத்தியவர்கள் வேறு பலர். ஆனாலும் இந்த வகைப் படத்துக்கு அழகைவிட, குறுக்கு விசாரணையில் நிற்கும் துல்லியமே தரம்.

2020இல் திரையரங்குக்கு வந்த 'வைல்டு கர்நாடகா' பெருங்காட்சி வழி. அமோகவர்ஷா, கல்யாண் வர்மா குழுவின் நான்காண்டு உழைப்பு, டேவிட் அட்டன்பரோவின் குரல். கண்ணை எடுக்க முடியாது, உண்மை. ஆனால் இந்த வகைப் படங்களில் மின்வேலியும் தார்ச்சாலையும் அநேகமாகத் தலைகாட்டுவதில்லை என்பது என் மனக்குறை.

மனிதனையும் யானையையும் சேர்த்தே காட்டி 2023இல் ஆஸ்கர் வாங்கியது கார்த்திகி கொன்சால்வஸின் தெப்பக்காடு படம். அங்கே இருந்தவை முகாமில் வளர்ந்த குட்டிகள். ஆனேக்கல் கொல்லைக்கு வருவதோ இருட்டில் வந்து இருட்டிலேயே திரும்பும் காட்டு யானை. விளக்கைப் போட்டால் மிரளும், சில நேரம் திரும்பித் துரத்தும். இதை எடுக்க நினைப்பவர் வெப்ப உணர் கேமராவோடு, ஆடி விதைப்பிலிருந்து அறுப்பு முடியும்வரை கிராமத்தில் ஒரு வாடகை வீடும் பார்த்துக்கொள்ள வேண்டும்.