விரில் என்னும் வல்லமை

1871ஆம் ஆண்டில் பிளாக்வுட் பதிப்பகத்தார், ஆசிரியர் பெயரின்றி ஓர் ஆங்கில நாவலை வெளியிட்டனர். ‘வரவிருக்கும் இனம்’ என்று பொருள்படும் தலைப்பைக் கொண்ட அந்நூலை எழுதியவர் எட்வர்டு புல்வர் லிட்டன். அவர் 1858-59இல் பிரித்தானியக் குடியேற்ற நாடுகளுக்குரிய அமைச்சராயிருந்தவர். இச்செய்தியை வாசகர் நினைவில் வைத்திருப்பது நலம்.

சுரங்கம் ஒன்றினுள் இறங்கும் அமெரிக்கர் ஒருவர், பூமியின் அடியில் வாழும் ஓர் உயர்ந்த மக்களினத்தைக் காண்கிறார். அவர்களுடைய வாழ்வனைத்திற்கும் ஆதாரமாயிருப்பது ‘விரில்’ என்னும் ஆற்றல். இயற்கையின் ஆற்றல்கள் யாவும் ஒரே மூலத்தின் பல வடிவங்களாயிருக்கக்கூடும் என்பது அறிவியலார் மைக்கேல் ஃபாரடேயின் கருத்து. லிட்டன் அக்கருத்தை எடுத்துக்கொண்டு, அந்த மூலத்தையே ஒரு கோலின் வடிவில் மனிதர் கையில் கொடுத்துவிடுகிறார். அக்கோல் நோயைத் தீர்க்கும், பாறையைப் பிளக்கும், பருவநிலையை மாற்றும், பிறர் உள்ளத்தை வயப்படுத்தும், நகரத்தைச் சாம்பலாக்கும். சிறுவரும் அதை ஏந்துவர். எவரும் எவரையும் அழிக்க இயலும் என்ற நிலை வந்தபோது, அவர்களுக்குள் போர் ஒழிந்தது.

1945க்குப் பின் இந்நூலைக் கற்போர், அணுகுண்டின் அச்சத்தால் காக்கப்படும் அமைதியை இங்கே முன்னறிவிப்பாகக் காண்பது இயல்பே. எனினும் நூலின் உயிர்நிலை அங்கே இல்லை என்று நாம் எண்ணுகிறோம். விரில் உடையோர் ஒருவருக்கொருவர் காட்டும் சாந்தத்தைப் பார்த்தோம். விரில் இல்லாதோரிடம் அவர்கள் நடந்துகொள்வது எவ்வாறு? அயலிலுள்ள அத்தகைய மக்கள் அவர்கள் பார்வையில் காட்டுமிராண்டிகள். இடையூறு செய்தால் மனக்கலக்கம் சிறிதுமின்றி அவர்களை ஒழித்துவிடலாம். இவர்கள் இறை நம்பிக்கையற்றவர்களும் அல்லர். படைத்தவர் ஒருவரே என்றும், மரணத்திற்குப் பின் வாழ்வுண்டு என்றும் நம்புகின்றனர். சமய வாக்குவாதமே அவர்களிடம் இல்லை. ஆனால் அந்த வழிபாட்டில் அயலான் யார் என்ற கேள்வி எழுவதேயில்லை. நமக்கு இதுவே நூலின் மிகக் கொடிய பகுதியாகத் தோன்றுகிறது.

லிட்டன் இதை அறிந்தே எழுதினாரா? ஓரளவு அறிந்தே எழுதினார் என்போம். குடியேற்ற நாடுகளை ஆண்ட இனத்தைச் சேர்ந்த வாசகனையே அவர் காட்டுமிராண்டியின் இடத்தில் நிறுத்துகிறார். அவருடைய மகன் ராபர்ட் லிட்டன் 1876 முதல் 1880 வரை இந்தியாவின் வைஸ்ராயாயிருந்தார். தாது வருடப் பஞ்சத்தில் சென்னை மாகாண மக்கள் மடிந்துகொண்டிருக்க, 1877 ஜனவரியில் டெல்லியில் அவர் தர்பார் நடத்தினார். மகனின் செயலைத் தந்தையின் நூல்மேல் சுமத்துவது நேர்மையாகாது. ஆயினும் தாது வருடத்தின் கதையைப் பாட்டிமார் வாயிலாகக் கேட்ட மக்கள், இந்நூலை லண்டன் வாசகரைப்போல் வாசிக்க இயலாது.

இக்கற்பனையை மெய்யென்று கொண்டவர்களும் உண்டு. பிளவாட்ஸ்கி அம்மையார் 1877இலேயே விரிலை உண்மையான ஆற்றலாக எடுத்தாண்டார். மாட்டிறைச்சிச் சாறு ஒன்றுக்கும் ‘போவ்ரில்’ என்ற பெயர் இதிலிருந்தே பிறந்தது. இவ்விரண்டில் பின்னதே தீங்கற்றது.

நூலின் குறை அதன் கட்டமைப்பில் உள்ளது. அவ்வினத்தாரின் மொழியிலக்கணத்திற்கு ஓர் அதிகாரத்தையே ஒதுக்கும் ஆசிரியர், ஸீ என்னும் பெண்ணின் இறுதிச் செயலை விரைந்து முடித்துவிடுகிறார். தலைவரின் மகள் அந்நியரை விரும்பினாள் என்பதற்காக அவரை அழித்துவிடும்படி கட்டளை பிறக்கிறது. தன் அன்பை அவர் ஏற்கமாட்டார் என்று அறிந்தும், ஸீ அவரைச் சுமந்து மேலுலகில் சேர்க்கிறாள். இதற்கு விரிலில் விளக்கம் இல்லை. லிட்டன் தேடவும் இல்லை. மீண்டு வந்த மனிதரோ, அவ்வினம் ஒருநாள் வெளிவந்து நம்மை அழிக்கும் என்ற அச்சத்தையே எழுதி வைக்கிறார். ஸீயைப் பெற்றதும் அதே இனம் என்பது அவருக்குத் தோன்றவில்லை.