மேய்மணி விளக்கு: குறிஞ்சிப் பாடல்களில் ஒரு கற்பனை ஒளி

ஆய்வுச் சுருக்கம்

பாம்பு இரவில் மணியை உமிழ்ந்து, அதன் ஒளியில் இரை தேடும் என்னும் செய்தி சங்கப் பாடல்கள் பலவற்றில் இடம்பெறுகிறது. இயற்கையில் இல்லாத இவ்வொளி, சங்க இலக்கியம் கண்டதைக் கண்டவாறே பாடியது என்னும் பொதுக்கருத்துக்கு இடையூறாக நிற்கிறது. அகநானூறு 72, 92, குறுந்தொகை 239, புறநானூறு 294 ஆகியவற்றை மலைபடுகடாத்தின் ஒரு பகுதியோடு ஒப்பிட்டு, இவ்வொளி கவிதையில் ஆற்றும் பணியை இக்கட்டுரை ஆராய்கிறது.

திறவுச்சொற்கள்: நாகமணி, இரவுக்குறி, புலனெறி வழக்கம், மலைபடுகடாம், உவமை.

முன்னுரை

பாம்பின் உடலில் ஒளிவிடும் மணி உருவாவதில்லை. எனவே இச்செய்தியை எதிர்கொள்ளும் திறனாய்வு பெரும்பாலும் இரு வழிகளில் ஒன்றை மேற்கொள்கிறது. அக்கால மக்களின் நம்பிக்கை எனக் குறித்துக் கடந்து செல்வது ஒன்று. மின்மினி போன்ற உண்மையான ஒளியைக் கண்டு மயங்கியதன் விளைவு என விளக்குவது மற்றொன்று. இரண்டுமே மணியைப் பாடலுக்கு வெளியே வைத்து ஆராய்கின்றன. தொல்காப்பிய அகத்திணையியலோ புலனெறி வழக்கத்தை நாடக வழக்கும் உலகியல் வழக்கும் இணைந்ததாக வகுக்கிறது. அவ்வாறு புனையப்பட்ட உலகில் ஒரு பொருள் உண்மையில் உண்டா என்பதைவிட, அங்கு அது எந்த ஒழுங்கில் இயங்குகிறது என்னும் வினாவே பயனுடையது.

மலைவழிப் பாம்பு

சங்கப் புலவர் பாம்பை நேரில் அறியாதவர் அல்லர் என்பதற்கு மலைபடுகடாம் சான்று. சவ்வாது மலையடிவாரத்துப் படவேடும், பருவதமலையும், செங்கமும் இன்று ஒரே திருவண்ணாமலை மாவட்டத்தில் அடங்கும். செங்கத்தைத் தலைநகராகக் கொண்ட நன்னன் சேய் நன்னனைப் பெருங்கௌசிகனார் 583 அடிகளில் பாடினார். அந்நூல் குறிக்கும் நவிரமலையைப் பருவதமலையாகக் கொள்வர். பரிசில் பெற்று மீளும் கூத்தன், எதிர்ப்படும் கூத்தர் கூட்டத்துக்கு வழியின் இடர்களை எடுத்துரைக்கிறான். பாம்புகள் மறைந்து ஒடுங்கும் குழிகள் உண்டு. கவனமாக நோக்கி, மரத்தைத் தட்டி ஒலியெழுப்பி, விறலியர் கைதொழ, சற்றே விலகி வலமாகச் செல்லுங்கள் என்பது அவன் அறிவுரை. இப்பகுதியில் வரும் பாம்புக்கு மணி இல்லை. ஆனால் அதிலிருந்து தப்ப வழி உண்டு. குறிஞ்சி அகப்பாடலிலோ பாம்புக்கு மணி உண்டு. தப்பும் வழி சொல்லப்படுவதில்லை. ஆகவே மணி அறியாமையின் அடையாளமன்று. இரவுக்குறி என்னும் சூழலுக்கு அது தேவைப்படுகிறது.

ஒரே இரவில் மூன்று ஒளிகள்

எருமை வெளியனார் மகனார் கடலனார் பாடிய அகநானூறு 72இல் நள்ளிரவு மழையினூடே மூன்று ஒளிகள் தோன்றுகின்றன. இருளைப் பிளக்கும் மின்னல் முதலாவது. மின்மினி மொய்த்த புற்றைக் கரடி பெயர்க்கும்போது சிதறும் ஒளி இரண்டாவது. அப்போது கரடி உலைக்களத்துக் கொல்லனைப் போலத் தோன்றுகிறது. பாம்பு உமிழ்ந்த மேய்மணியின் ஒளி மூன்றாவது; கருவுற்ற பிணவின் பசியைத் தீர்க்கக் களிற்றைக் கொன்ற புலி, அவ்வொளியில் தன் இரையை இழுத்துச் செல்கிறது. முதல் இரண்டும் உலகியல், மூன்றாவது புனைவு. மூன்றையும் புலவர் ஒரே நடையில், ஐயக்குறிப்பு ஏதுமின்றிக் கூறுகிறார்.

ஒளி யாருக்குப் பயன்படுகிறது என்பதே இங்குக் கருதத்தக்கது. பாம்புக்கும் புலிக்கும் மணி விளக்காகிறது. கரடியின் உணவுத் தேட்டத்தை மின்மினி சூழ்கிறது. வாள்முனையில் நடப்பது போன்ற வழியில் வரும் தலைவனுக்கு வேல் மட்டுமே துணை. காடு ஒளியோடுதான் இருக்கிறது. அந்த ஒளி முழுவதும் அவனை அழிக்கக்கூடிய உயிர்களின் பக்கம் இருக்கிறது. வந்தவன்மீதும் வரவழைத்த தோழிமீதும் குறையில்லை, தவறு தன்னுடையதே என்று தலைவி கூறி முடிப்பதன் கனம் இந்த ஒளிப் பங்கீட்டிலிருந்தே பிறக்கிறது.

இறந்த பாம்பின் விளக்கு

மதுரைப் பாலாசிரியர் நப்பாலனாரின் அகநானூறு 92 இதே மணியைக் காதலர் பக்கம் திருப்புகிறது. இரவில் வரவேண்டா, நாளை தினைப்புனம் காக்க வருவோம் என்னும் தோழி, மந்தியும் அறியாத மரச்செறிவில், அருவியின் ஒருபுறத்தில், இடியால் தாக்குண்டு வலியழிந்த பாம்பின் மணி விளக்கொளியில் தலைவியின் கூந்தலில் துயில் பெறுவாய் என்கிறாள். பாம்பு வலியிழந்த பின்னரே மணி மனிதருக்கு விளக்காகிறது. காளிதாசரின் குமாரசம்பவத்தில் இமயக் குகைகளில் ஒளிரும் மூலிகைகள் எண்ணெய் வேண்டாத விளக்குகளாகக் காதலர்க்கு உதவுகின்றன. அது இயற்கை தானே வழங்கும் கொடை. நப்பாலனாரின் விளக்குக்கோ இடி வேண்டும். அந்த இடி பாம்பின்மீதே விழவும் வேண்டும். இத்தகைய விளக்கை நாள்தோறும் நம்பியிருக்க இயலாது. பகற்குறியை நேர்வதுபோல் தொடங்கும் கூற்று, நிலையான கூட்டத்துக்கு மணமே வழி என உணர்த்தும் வரைவு கடாவுதலாக முதிர்வதற்கு, மணியின் இந்த அருமையே துணைசெய்கிறது.

உவமையாகும் மணி

குறுந்தொகை 239இல் காந்தளின் தாதை ஊதும் தும்பி, பாம்பு உமிழ்ந்த மணிபோல் தோன்றுகிறது. கண்முன் காணும் காட்சியைக் காணாத பொருள் விளக்குகிறது. உவமை உயர்ந்த பொருளாக இருத்தல் வேண்டும் என்பது தொல்காப்பிய உவமவியலின் கொள்கை. அக்கொள்கைப்படி நோக்கினால், மணி கேட்போர் நன்கறிந்த பொருளாகவே கையாளப்பட்டுள்ளது. பிற்காலத்தார் கூறும் இல்பொருள் உவமைக்குள் அதை அடக்குவது பொருந்தாது. பெருந்தலைச் சாத்தனாரின் புறநானூறு 294, பகைவர் நெருங்க அஞ்சும் வீரனுக்கு இதே மணியை உவமையாக்குகிறது. காதல் வழியில் அச்சம் தந்த பண்பே போர்க்களத்தில் பெருமையாகிறது. எவர் கண்ணுக்கும் புலப்படும், எவர் கையும் எட்டாது என்னும் இயல்பு அகம், புறம் இரண்டிலும் மாறவில்லை.

முடிவுரை

எந்தத் தெய்வமும் இம்மணியை அருளவில்லை; எந்த மந்திரமும் இதை ஏற்றவில்லை. இரவில் உமிழப்படுகிறது, மேய்ச்சலுக்கு ஒளி தருகிறது, உடைய பாம்பு வீழ்ந்தாலன்றி மனிதர்க்கு உதவுவதில்லை. இந்த ஒழுங்கு பாடலுக்குப் பாடல் காக்கப்படுவதால், மேய்மணி சங்கக் குறிஞ்சி உலகின் இயற்கை நிகழ்வாகவே நிற்கிறது. சங்க இலக்கியத்தின் இயற்கைநெறி, இல்லாததை விலக்கியதால் உண்டானதன்று. இல்லாததையும் மின்னலுக்கும் மின்மினிக்கும் உரிய அதே கட்டுப்பாட்டுக்குள் வைத்துப் பாடியதால் உண்டானது. நம்பிக்கை எனத் தள்ளினாலும் மின்மினி எனத் திருத்தினாலும், புலிக்குக் கிடைத்த வெளிச்சம் தலைவனுக்குக் கிடைக்காத துயரம் பாடலிலிருந்து மறைந்துவிடும்.